ஒரு முட்டை பிரவுனி: ஈரமா, வேகாத மாவா?

பிரவுனி என்றதும் மூன்று பேச்சுகள் தவறாமல் காதில் விழும். "அது அரைவேக்காட்டு கேக்தானே." "ஃபட்ஜியா வேணும்னா அஞ்சு நிமிஷம் முன்னாடியே எடுத்துடு." "பாதி அளவுதானே, பாதி நேரம் வெச்சா போதும்." மூன்றும் பிழை. அதிலும் கடைசிப் பேச்சை நம்பிச் சின்ன டின்னில் கொஞ்சமாகச் செய்து பார்ப்பவர்களுக்கு நடுவில் கூழ்தான் மிஞ்சும். அதைச் சரிசெய்ய மறுபடி உள்ளே வைத்தால் ஓரம் ஓடாகிவிடும்.

இங்கே பேசப்போவது ஒரே ஒரு முட்டை போட்டு, ஒன்பது சிறு துண்டுகள் வரும் அளவுக்குச் செய்யும் பிரவுனியைப் பற்றி. செய்முறை பின்னால் வருகிறது. அதற்குமுன் டின்னுக்குள் என்ன நடக்கிறது என்று பார்த்துவிடலாம். அது புரிந்துவிட்டால் செய்முறையில் எதை மாற்றலாம், எதில் கை வைக்கக் கூடாது என்பதற்கு யாரையும் கேட்க வேண்டியிருக்காது.

அடிக்கடி வரப்போகிற இரண்டு சொற்கள். ஃபட்ஜி என்றால் அடர்த்தியானது: வெட்டும்போது கத்தியில் லேசாக ஒட்டும், கடித்தால் பல் பதியும், துகள் உதிராது. கேக்கி என்றால் உள்ளே சின்னச் சின்னத் துளைகள் தெரியும், விரலால் அழுத்தினால் மெத்தை மாதிரி மேலே எழும்பும். இரண்டுமே முழுதாக வெந்த பிரவுனிதான். வித்தியாசம் கலவையில் இருக்கிறது, வேக்காட்டில் இல்லை.

## கம்பு குறைந்த கூடாரம்

ஒரு துணிக் கூடாரத்தை நினைத்துக்கொள்ளுங்கள். பத்துக் கம்பு நட்டால் துணி விறைப்பாக நிற்கும், உள்ளே காற்று நிறைய இருக்கும். மூன்றே கம்பு நட்டால் துணி தொய்ந்து தரையோடு படியும். கேக்குக்கும் பிரவுனிக்கும் உள்ள உறவு ஏறக்குறைய இதுதான்.

கம்பு என்பது மைதாவும் முட்டையும். மைதாவில் உள்ள மாவுச்சத்து சூட்டில் தண்ணீரை உறிஞ்சி வீங்கிக் கெட்டிப்படும். முட்டையின் புரதம் சூட்டில் உறைந்து வலைபோலப் பின்னிக்கொள்ளும். உருவத்தைத் தாங்குவது இவை இரண்டும்தான். வெண்ணெயும் சர்க்கரையும் தொய்ந்த துணியின் பக்கம். வெண்ணெய் மாவுத் துகள்களைச் சுற்றி வழவழப்பாகப் பூசிக்கொண்டு அவை ஒன்றோடொன்று பிணைவதைத் தடுக்கும். சர்க்கரை என்ன செய்கிறது என்பது தனிக் கதை, அடுத்த பகுதி முழுக்க அதற்கே.

சாதாரண வெண்ணெய் கேக்கில் மைதா, சர்க்கரை, வெண்ணெய் மூன்றும் ஏறக்குறைய ஒரே எடை. கீழே வரும் பிரவுனியில் மைதா 35 கிராம், வெண்ணெய் 65 கிராம், சர்க்கரை 120 கிராம். மைதாவைப்போல மூன்று மடங்குக்கும் மேல் சர்க்கரை. இப்படிப்பட்ட கலவையை எவ்வளவு நேரம் ஓவனில் வைத்தாலும் கேக் ஆகாது. அதிகம் வைத்தால் காய்ந்த பிரவுனி ஆகும், அவ்வளவுதான். மறுபக்கம், மைதா நிறைய போட்ட கலவையைப் பாதியில் எடுத்தால் கிடைப்பது வேகாத கேக். ஃபட்ஜி பிரவுனி ஆகாது.

யாரோ பேக்கிங் பவுடர் போட மறந்ததால் பிரவுனி பிறந்தது என்றொரு கதையும் உலவுகிறது. ஆனால் சிகாகோவின் பாமர் ஹவுஸ் ஓட்டல் சொல்லும் வரலாறு வேறு. அங்கே 1893-ல் நடந்த உலகக் கண்காட்சிக்கு வரும் பெண்களின் மதிய உணவுப் பெட்டியில் வைக்க, கேக் துண்டைவிடச் சிறிதாக, கையில் எடுத்துச் சாப்பிடும்படி ஒரு இனிப்பைக் கேட்டு வாங்கினார்களாம். கதை எதுவானாலும், கையில் எடுத்தால் உதிராமல் இருப்பதற்கு இந்த அடர்த்தி ஒரு வசதிதான்.

## தண்ணீர்க் கணக்கு

மேசையில் கொஞ்சம் தண்ணீர் சிந்தினால் சற்று நேரத்தில் காய்ந்துவிடும். அதே இடத்தில் சர்க்கரைப் பாகு சிந்தினால்? மறுநாள் தொட்டாலும் பிசுபிசுக்கும். பாகிலும் தண்ணீர்தான் இருக்கிறது. ஆனால் சர்க்கரை அதைப் பிடித்து வைத்துக்கொள்கிறது, எளிதில் விடாது. பிரவுனியின் ஈரம் இந்தப் பிசுபிசுப்பின் இன்னொரு வடிவம்தான்.

கணக்குப் போட்டுப் பார்த்தால் வேடிக்கையாக இருக்கும். இந்தச் செய்முறையில் தண்ணீர் தனியாக ஊற்றுவதே இல்லை. ஓடு நீக்கிய ஒரு முட்டை சுமார் 50 கிராம், அதில் முக்கால் பங்கு, அதாவது 38 கிராம்போல, தண்ணீர். வெண்ணெயில் ஆறில் ஒரு பங்கு தண்ணீர், 65 கிராமுக்கு ஒரு 10 கிராம் வரும். மொத்தமே 48 கிராம். அந்த 48 கிராம் தண்ணீருக்கு 120 கிராம் சர்க்கரை போட்டியிடுகிறது, கூடவே மைதாவும் கோகோவும் பங்கு கேட்கின்றன.

இதனால் இரண்டு விளைவுகள். முதலாவது, மாவுச்சத்துக்குத் தண்ணீர் எளிதில் கிடைப்பதில்லை. வெறும் தண்ணீரில் கோதுமை மாவுச்சத்து 60 டிகிரி செல்சியஸ் அளவிலேயே வீங்கத் தொடங்கிவிடும். இவ்வளவு சர்க்கரை நடுவில் அதற்கு இன்னும் அதிகச் சூடு வேண்டும். முட்டைப் புரதமும் அப்படித்தான், சர்க்கரை சேர்ந்தால் தாமதமாகவே உறையும். ஆகவே பிரவுனிக் கலவை ஓவனுக்குள் வெகுநேரம் தளர்வாகவே இருக்கும். கண்ணாடி வழியே எட்டிப் பார்ப்பவர்களுக்குப் "இன்னும் வேகவே இல்லையே" என்று தோன்றுவது இதனால்தான்.

இரண்டாவது விளைவுதான் அதிகம் ஏமாற்றுவது. பிரவுனி கெட்டியாவதில் ஒரு பங்கு ஓவனுக்கு வெளியே நடக்கிறது. வெண்ணெய் 32 முதல் 35 டிகிரிக்குள் உருகிவிடும் பொருள். கோகோவில் இருக்கும் கோகோ கொழுப்பும் ஏறக்குறைய அதே சூட்டில்தான் உருகும். ஓவனை விட்டு வந்ததும் இவை இரண்டும் திரவமாகவே இருக்கும். டின் ஆறி அறைவெப்பத்துக்கு இறங்கும்போதுதான் மீண்டும் இறுகும், சர்க்கரைப் பாகும் கூடவே தடிக்கும். சூடாக இருக்கும்போது கொழகொழவென்று இருந்த அதே பிரவுனி, இரண்டு மணி நேரத்தில் கத்தி பிடிக்கும் பதத்துக்கு வந்து நிற்கும். உருகிய மெழுகைப் பார்த்து "இது திரிக்கு உதவாது" என்று யாரும் தூக்கி எறிவதில்லையே.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: தாங்கும் பொருள் குறைவு, சர்க்கரை மிக அதிகம். இருக்கிற கொஞ்சம் தண்ணீரைச் சர்க்கரை பிடித்து வைத்திருப்பதால் பிரவுனி ஈரமாக இருக்கிறது. சூட்டில் இளகியிருக்கும் கொழுப்பு ஆறிய பிறகு இறுகுகிறது. சூடான பிரவுனியைப் பார்த்து முடிவெடுப்பவர் பெரும்பாலும் பத்து நிமிடம் கூடுதலாக வேகவைத்துவிடுவார்.

## மேலே அந்தப் பளபளப்புத் தோல்

நல்ல பிரவுனியின் மேல் காகிதம்போல மெல்லிய, பளபளப்பான, வெடிப்பு விட்ட தோல் இருக்கும். இது கோகோவால் வருவதும் இல்லை, பேக்கிங் பவுடரால் வருவதும் இல்லை. முட்டையும் கரைந்த சர்க்கரையும் சேர்ந்து மேற்பரப்பில் படலமாகி, சூட்டில் காய்வதால் வருவது. உள்ளே இருக்கும் கலவை சற்று எழும்பி மீண்டும் அமரும்போது அந்தப் படலம் வெடிப்பு விடுகிறது.

இதில் முக்கியமான சொல் "கரைந்த". 100 கிராம் தண்ணீர் 20 டிகிரியில் ஏறக்குறைய 200 கிராம் சர்க்கரையைத்தான் கரைக்கும். 60 டிகிரியில் 285 கிராம் வரை கரைக்கும். நம்மிடம் உள்ள 48 கிராம் தண்ணீருக்கு இதைப் போட்டுப் பாருங்கள்: குளிர்ந்த கலவையில் 96 கிராம், சூடான கலவையில் 137 கிராம். நாம் போடுவது 120. ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த முட்டையையும் ஆறிப்போன வெண்ணெயையும் கலந்தால் சர்க்கரையின் ஒரு பகுதி நறநறவென்று மிஞ்சி நிற்கும், தோலும் மங்கலாக வரும். வெதுவெதுப்பான கலவையில் ஒன்றரை நிமிடம் நன்றாக அடித்தால் தோல் கிட்டத்தட்ட உறுதி.

மணி பெரிதாக உள்ள சர்க்கரையானால் மிக்ஸியில் இரண்டு சுற்று ஓட்டிக்கொள்ளுங்கள், சீக்கிரம் கரையும். கடையில் விற்கும் ஐசிங் சர்க்கரை இதற்குச் சரிப்படாது. கட்டிபடாமலிருக்க அதில் சோளமாவு சேர்த்திருப்பார்கள், தோல் மந்தமாகிவிடும்.

## டின் அளவுதான் பாதி சமையல்

சின்ன அளவில் செய்வோர் தடுமாறுவது பெரும்பாலும் இங்கேதான். கேக் வேக எடுக்கும் நேரத்தை முதன்மையாகத் தீர்மானிப்பது கலவையின் தடிமன். எடை இரண்டாவது. சூடு மேலிருந்தும் கீழிருந்தும் நடுவை நோக்கிப் போகிறது, அது கடக்க வேண்டிய தூரம்தான் நேரம்.

20 செ.மீ. சதுர டின்னுக்கான செய்முறையைப் பாதியாக்கிப் பாதிப் பரப்புள்ள டின்னில் ஊற்றினால் தடிமன் மாறாது, நேரமும் சில நிமிடங்கள்தான் குறையும். அதே பாதிக் கலவையைப் பழைய 20 செ.மீ. டின்னிலேயே ஊற்றினால் தடிமன் பாதியாகிவிடும், நேரமும் பாதிக்கோ அதற்கும் கீழோ போய்விடும். இங்கே ஐந்து நிமிடம் அசந்தால் பிஸ்கட்தான்.

டின்னை நீளத்தால் ஒப்பிடக் கூடாது, பரப்பளவால் ஒப்பிட வேண்டும். 20 செ.மீ. சதுரத்தின் பரப்பு 400 சதுர செ.மீ. அதில் பாதி வேண்டுமென்று 10 செ.மீ. சதுர டின்னை எடுப்பவர்கள் உண்டு. அது 100, அதாவது கால் பங்குதான். பாதிக்குப் பொருந்துவது 15 செ.மீ. சதுரம், பரப்பு 225. பிரெட் சுடும் நீள டின் 21-க்கு 11 செ.மீ. இருந்தால் 231, அதுவும் அருமையாகப் பொருந்தும். வட்ட டின்தான் இருக்கிறதென்றால் 17 செ.மீ. விட்டம் கொண்டது 227. 15 செ.மீ. வட்டம் 177-தான், கலவை தடித்து நடுப்பகுதி பின்தங்கும்.

சின்ன டின்னுக்கு இன்னொரு குணம் உண்டு: ஓரம் அதிகம். சுவரை ஒட்டிய 2 செ.மீ. பட்டையை ஓரம் என்று வைத்துக்கொண்டால், 20 செ.மீ. சதுரத்தில் அது மொத்தப் பரப்பில் 36 சதவீதம். 15 செ.மீ. சதுரத்தில் 46 சதவீதம். 10 செ.மீ. டின்னிலோ 64 சதவீதம், நடு என்று சொல்லிக்கொள்ள ஒரு கைக்குட்டை மடிப்பளவுதான் மிஞ்சும். உலோகச் சுவரிலிருந்து ஓரத்துக்குச் சூடு முதலில் வந்துவிடுவதால், டின் சிறுக்கச் சிறுக்கக் காய்ந்த பங்கு கூடுகிறது. அதனால்தான் பெரிய டின்னுக்கு 175 டிகிரி சொல்லும் இடத்தில் சின்ன டின்னுக்கு 165 போதும் என்கிறோம். சூடு நிதானமாக வந்தால் நடுப்பகுதி ஓரத்தோடு சேர்ந்து நடக்க அவகாசம் கிடைக்கும்.

வெளிர்நிற அலுமினிய டின் சிறந்தது. கறுப்பு டின் சூட்டை வேகமாக வாங்கி ஓரத்தைக் கடினமாக்கும், 10 டிகிரி குறைத்துக்கொள்ளுங்கள். கண்ணாடிப் பாத்திரம் மெதுவாகச் சூடேறும், வெளியே எடுத்த பிறகும் சூட்டை விடாமல் வேகவைத்துக்கொண்டே இருக்கும். பிரவுனிக்குக் கண்ணாடியைத் தவிர்ப்பது நல்லது.

## பொருள்களும் அளவும்

15 செ.மீ. சதுர டின்னுக்கு:

உப்பில்லாத வெண்ணெய் 65 கிராம்
சர்க்கரை 120 கிராம்
இனிப்பில்லாத கோகோ பவுடர் 35 கிராம்
அறைவெப்பத்தில் உள்ள முட்டை 1, ஓடு நீக்கி 50 கிராம்
மைதா 35 கிராம்
உப்பு ஒரு பெரிய சிட்டிகை
வெனிலா எசன்ஸ் அரை டீஸ்பூன்
விருப்பமானால் டார்க் சாக்லேட் துண்டுகள் 40 கிராம்

பேக்கிங் பவுடர் விட்டுப்போகவில்லை, தேவையில்லை. அடிக்கும்போது சேரும் காற்றும், முட்டை, வெண்ணெயில் உள்ள தண்ணீர் ஆவியாவதும் இதற்குப் போதுமான எழுச்சி.

டிஜிட்டல் தராசு இருந்தால் அதைத்தான் பயன்படுத்த வேண்டும். ஒரு கப் மைதாவைக் கரண்டியால் மெல்ல நிரப்பினால் 120 கிராம்போல வரும், டப்பாவுக்குள் கப்பை அழுத்தி அள்ளினால் 150 வரை போகும். பெரிய கேக்கில் இந்தப் பிழை கரைந்துவிடும். 35 கிராம் மைதா போடும் இடத்தில் 10 கிராம் கூடினால் அது கால் பங்குக்கும் மேல், ஃபட்ஜி கேக்கியை நோக்கி நகர்ந்துவிடும். தராசே இல்லையென்றால் தலைதட்டிய மேசைக்கரண்டிக் கணக்கு: வெண்ணெய் நாலரை, சர்க்கரை ஒன்பதரை, கோகோ ஆறரை, மைதா நாலரை.

## செய்வது எப்படி

ஓவனை 165 டிகிரிக்கு முன்கூட்டியே சூடாக்குங்கள். சின்ன ஓவன்களில் விளக்கு அணைந்ததும் சூடு வந்துவிட்டது என்று நம்ப வேண்டாம், குறைந்தது 15 நிமிடம் கொடுங்கள். விசிறி ஓடும் வகையென்றால் 150 போதும். மைக்ரோவேவில் கன்வெக்‌ஷன் முறை (சூடான காற்றைச் சுழற்றி வேகவைப்பது) இருந்தால்தான் இது சரியாக வரும். வெறும் மைக்ரோவேவ் அலையில் மேலே தோலும் வராது, இடத்துக்கு இடம் ரப்பராகிவிடும்.

டின்னுக்குள் பட்டர் பேப்பரை இரண்டு பக்கமும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும்படி போடுங்கள். பிறகு தூக்கி எடுக்க அதுதான் கைப்பிடி.

வெண்ணெயைச் சிறு தீயில் உருக்கி, கொதிக்கும் முன் இறக்கி, உடனே சர்க்கரை, உப்பு, கோகோ மூன்றையும் போட்டுக் கிளறுங்கள். கோகோவைச் சூடான கொழுப்பில் போடுவதற்குக் காரணம் இருக்கிறது: அதன் வாசனைப் பொருள்கள் பல கொழுப்பில்தான் கரையும். மைதாவோடு சலித்துக் கடைசியில் கொட்டினால் அதே 35 கிராம் கோகோ மந்தமாகத் தெரியும். இந்தக் கட்டத்தில் கலவை ஈரமணல்போல, பார்க்கச் சகிக்காமல் இருக்கும். அது சரிதான்.

இப்போது மூன்று நான்கு நிமிடம் பொறுங்கள். விரலை வைத்தால் சூடு தெரிய வேண்டும், ஆனால் பொறுக்க முடிய வேண்டும். அதைவிடச் சூடாக இருக்கையில் முட்டையை ஊற்றினால் வெள்ளைக்கரு இழை இழையாக உறைந்துவிடும், மிகவும் ஆறவிட்டால் மேலே சொன்ன சர்க்கரைக் கணக்கு தவறிவிடும். முட்டையையும் வெனிலாவையும் சேர்த்து விஸ்க்கால் ஒன்றரை நிமிடம் விடாமல் அடியுங்கள். மணல் மறைந்து, ரிப்பன்போல வழியும் பளபளப்பான குழம்பு தெரியும்.

மைதாவைச் சலித்துச் சேர்த்து, வெள்ளை மறையும்வரை கலந்து, அதன்பிறகும் ஒரு இருபது முப்பது சுற்றுக் கிளறுங்கள். "மாவை அதிகம் கலந்தால் பிரவுனி கல்லாகும்" என்ற அச்சம் கேக்கிலிருந்து தொற்றியது. மைதா தண்ணீரோடு சேர்ந்து பிசையப்படும்போது உருவாகும் ஜவ்வுபோன்ற புரத வலைக்கு குளூட்டன் என்று பெயர். இவ்வளவு கொழுப்புக்கும் சர்க்கரைக்கும் நடுவில், இவ்வளவு குறைந்த மைதாவில், அது கொஞ்சம்தான் உருவாகும். அந்தக் கொஞ்சம் நல்லதே, மெல்லும்போது லேசான இழுவை தரும். பிரவுனி கல்லானால் குற்றவாளி கரண்டியாக இருப்பது அரிது, கடிகாரம்தான்.

சாக்லேட் துண்டுகள் போடுவதாக இருந்தால் இப்போது. டின்னில் ஊற்றி, மூலைகள்வரை பரப்பிச் சமன் செய்து, நடுத் தட்டில் வையுங்கள்.

## எப்போது எடுப்பது

15 செ.மீ. டின்னுக்கு 20 முதல் 24 நிமிடம். ஆனால் 17-ஆம் நிமிடத்திலிருந்து பார்க்கத் தொடங்குங்கள், ஒவ்வொரு ஓவனும் ஒரு குணம்.

பல்குச்சியைக் குத்திச் சுத்தமாக வந்தால் வெந்துவிட்டது என்பது கேக்குக்கான சோதனை. பிரவுனியில் குச்சி சுத்தமாக வந்தால் நேரம் கடந்துவிட்டது என்று பொருள். ஓரத்துக்கும் நடுவுக்கும் இடையே, நடுவுக்குச் சற்று அருகே குத்துங்கள். குச்சியில் பளபளப்பான குழம்பு வழிந்தால் அது உண்மையிலேயே வேகாத மாவு. முட்டையும் பச்சை, மைதாவும் பச்சை, அதைச் சாப்பிடக் கூடாது. ஈரமான துகள்கள் உருண்டு ஒட்டிக்கொண்டு வந்தால் அதுதான் சரியான பதம். உருகிய சாக்லேட் துண்டில் குத்திவிட்டு ஏமாறுவது வழக்கம், சந்தேகம் வந்தால் வேறு இடத்தில் இன்னொரு முறை குத்துங்கள்.

கண்ணால் பார்க்கும் அடையாளம்: ஓரம் சுவரை விட்டு மயிரிழை விலகியிருக்கும், மேலே தோல் முழுதும் உலர்ந்திருக்கும். டின்னை லேசாக அசைத்தால் நடுப்பகுதி அலையடிக்கக் கூடாது, ஒரே துண்டாக மெல்ல நடுங்கலாம். உணவு வெப்பமானி வைத்திருப்பவர்கள் நடுவில் 80 முதல் 88 டிகிரிக்குள் எடுத்தால் ஃபட்ஜியாக இருக்கும். முட்டை பாதுகாப்பாக வேக 71 டிகிரி போதும் என்பதால் இந்த எல்லைக்குள் அந்தக் கவலையும் இல்லை.

வெளியே எடுத்ததும் டின்னைக் கம்பித் தட்டில் வைத்துவிட்டு விலகிப் போய்விடுங்கள். உள்ளே இருக்கும் சூடு இன்னும் சில நிமிடம் வேகவைக்கும், பிறகு கொழுப்பு இறுகும். இந்த இரண்டு மணி நேரமும் செய்முறையில் சேர்த்திதான்.

சுருங்கச் சொன்னால், சூடான பிரவுனியில் பார்க்க வேண்டியது மூன்று: குச்சியில் குழம்பா துகளா, நடு அலைகிறதா நடுங்குகிறதா, ஓரம் விலகியதா. மென்மையாக இருக்கிறதா என்பது அப்போது கேட்கக் கூடாத கேள்வி.

## கோகோ, சாக்லேட், எண்ணெய்

கோகோ இரண்டு வகை. இயற்கைக் கோகோ வெளிர் பழுப்பு நிறம், சற்றுப் புளிப்பு. டச்சு முறைக் கோகோ கார உப்பால் பதப்படுத்தி அந்தப் புளிப்பைப் போக்கியது, கருமையாகவும் மிருதுவான சுவையோடும் இருக்கும். கோகோவிலிருந்து கொழுப்பைப் பிழிந்தெடுக்கும் இயந்திரத்துக்கு 1828-ல் காப்புரிமை பெற்ற நெதர்லாந்தின் வான் ஹூட்டன் குடும்பத்திலிருந்தே இந்த முறையும் வந்தது, பெயரும் அப்படி வந்ததுதான். சோடா உப்பு போடும் கேக்குகளில் எந்தக் கோகோ என்பது மிக முக்கியம், ஏனென்றால் சோடா உப்பு வேலை செய்யப் புளிப்பு வேண்டும். நம் பிரவுனியில் சோடாவே இல்லை. எதையும் போடலாம், நிறமும் சுவையும்தான் மாறும்.

கோகோவுக்குப் பதில் சாக்லேட்டை உருக்கிச் செய்தால் கோகோ கொழுப்பு கூடும். அது அறைவெப்பத்தில் வெண்ணெயைவிட உறுதியானது, பிரவுனி இன்னும் இறுக்கமாக நிற்கும். கோகோ பவுடரும் வெண்ணெயும் போட்டது சற்று இளகலாக இருக்கும். வெண்ணெய்க்குப் பதில் 55 கிராம் எண்ணெய் ஊற்றினால் ஆறிய பிறகும் அது இறுகாது, ஃப்ரிட்ஜில் வைத்தாலும் மென்மை போகாது. ஆனால் வெண்ணெயின் மணம் போய்விடும், அதோடு 10 கிராம் தண்ணீரும் போகும். இரண்டு டீஸ்பூன் பால் ஊற்றி அதை ஈடுகட்டுங்கள். பாதி வெண்ணெய், பாதி எண்ணெய் என்பது மெல்லும்போது இழுவை வேண்டுவோருக்கு நல்ல நடுவழி.

கேக்கியாகத்தான் பிடிக்கும் என்பவர்கள் வெட்கப்படத் தேவையில்லை. மைதாவை 60 கிராமாக்கி, வெண்ணெயை 50-ஆகவும் சர்க்கரையை 100-ஆகவும் குறைத்து, கால் டீஸ்பூன் பேக்கிங் பவுடரும் ஒரு மேசைக்கரண்டி பாலும் சேருங்கள். கூடாரத்துக்குக் கம்பு நட்டுவிட்டோம்.

சர்க்கரையைக் குறைப்பது மட்டும் நினைப்பதுபோல் எளிதில்லை. 120-ஐ 100 ஆக்கலாம், தோல் சற்று மங்கும். 70 ஆக்கினால் இனிப்பு மட்டும் குறையாது, ஈரத்தைப் பிடித்து வைக்க ஆளில்லாமல் மறுநாளே உலர்ந்துபோகும்.

முட்டையில்லாமல் செய்ய 50 கிராம் கெட்டித் தயிர் சேர்த்து மைதாவை 45 கிராமாக்கலாம். பிரவுனி நன்றாகவே வரும், பளபளப்புத் தோல் வராது, அது முட்டையின் வேலை. தோலும் வேண்டுமென்றால் கொண்டைக்கடலை வேகவைத்த கெட்டியான நீர் 45 மி.லி. எடுத்து, நுரைக்க அடித்துச் சேர்த்துப் பாருங்கள். அதில் உள்ள புரதம் முட்டை வெள்ளையைப்போலவே நுரைக்கும்.

## தவறு எங்கே நடந்தது

மேலே எண்ணெய் மிதந்தால் கொழுப்பும் தண்ணீரும் பிரிந்துவிட்டன. மஞ்சள்கருவில் இரண்டையும் சேர்த்துப் பிடிக்கும் பொருள் இருக்கிறது, ஆனால் முட்டை குளிர்ந்தோ வெண்ணெய் மிகச் சூடாகவோ இருந்தால் அது திணறும். கலவையிலேயே திரிந்தது தெரிந்தால் ஒரு டீஸ்பூன் வெந்நீர் விட்டு வேகமாக அடியுங்கள், பெரும்பாலும் சேர்ந்துவிடும். ஓவனுக்குப் போனபிறகு வழியில்லை.

நடு குழிந்தால் இரண்டு காரணம் இருக்கலாம். குழிந்த இடம் பச்சையாக இருந்தால் நேரம் போதவில்லை. வெந்தும் குழிந்தால் காற்று அதிகம்: எலக்ட்ரிக் பீட்டரால் ஐந்து நிமிடம் அடித்திருப்பீர்கள், அல்லது பழக்கதோஷத்தில் பேக்கிங் பவுடர் போட்டிருப்பீர்கள். தாங்கக் கம்பில்லாத கூடாரம் ஊதி எழுந்தால் விழத்தான் செய்யும்.

ஓரம் கல், நடு கூழ் என்றால் சூடு அதிகம். ஓவனின் குமிழ் காட்டும் எண்ணும் உள்ளே இருக்கும் சூடும் 20 டிகிரி வித்தியாசப்படுவது சாதாரணம். உள்ளே தொங்கவிடும் சின்ன வெப்பமானி ஒன்று பல மர்மங்களைத் தீர்க்கும். சின்ன ஓவனில் மேல் கம்பி பக்கத்திலேயே இருப்பதால் மேற்புறம் முந்திக்கொண்டு கருகினால், 12 நிமிடம் கழித்து அலுமினியத் தாளைத் தளர்வாக மூடுங்கள். அதற்கு முன் மூடினால் தோல் உலராது.

முழுதுமே காய்ந்துபோனால் டின்னைப் பாருங்கள், அளவுக்கு மீறிய அகலமாக இருக்கும்.

சாக்லேட்டை உருக்கும்போது திடீரென்று கட்டியாகி மண்போல ஆனால் ஒரு சொட்டுத் தண்ணீரோ ஆவியோ பட்டிருக்கும். அந்த ஈரத்தில் சர்க்கரைத் துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதுதான் காரணம். தூக்கி எறிய வேண்டாம், செய்முறையில் உள்ள வெண்ணெயை உருக்கிக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்துக் கிளறினால் பிரவுனிக்குப் போதுமான அளவு இளகிவிடும்.

## வெட்டுவதும் வைப்பதும்

சுத்தமான விளிம்போடு துண்டு வேண்டுமென்றால் ஆறிய டின்னை ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். பேப்பரைப் பிடித்துத் தூக்கி, பலகையில் வைத்து, நீளமான கத்தியை வெந்நீரில் நனைத்துத் துடைத்துவிட்டு மேலிருந்து கீழாக ஒரே அழுத்தம். ரம்பம்போல அறுத்தால் தோல் சிதறும். ஒவ்வொரு வெட்டுக்கும் கத்தியைத் துடைக்க வேண்டும். 15 செ.மீ. சதுரத்தில் 5 செ.மீ. துண்டுகள் ஒன்பது.

காற்றுப்புகாத டப்பாவில் வெளியே மூன்று நாள் தாங்கும். முதல் நாள் மொறுமொறுத்த தோல் இரண்டாம் நாள் மென்மையாகிவிடும், உள்ளிருக்கும் ஈரம் மெல்ல மேலே ஏறுவதால் அப்படி. சுவை என்னவோ இரண்டாம் நாள்தான் அதிகம். முன்கூட்டியே வெட்டி வைத்தால் வெட்டுமுகங்கள் உலரும், ஆகவே தேவைக்கு வெட்டிக்கொண்டு மிச்சத்தைத் துண்டாக்காமல் வையுங்கள். ஃப்ரீசரில் துண்டு துண்டாகச் சுற்றி வைத்தால் இரண்டு மாதம்வரை நன்றாக இருக்கும். எடுத்ததும் சுற்றிய தாளைப் பிரிக்காமல் அறைவெப்பத்தில் ஒரு மணி நேரம் விடுங்கள். பிரித்து வைத்தால் காற்றின் ஈரம் பிரவுனிமேல் வியர்த்துத் தோல் கரைந்துபோகும்.